ஆறாவது பட்டன்

அன்புள்ள வாயாடி மகளுக்கு,

அம்மாவின் வலது முட்டி ஒன்றைத் தவிர இங்கே மற்ற எல்லாமே நலம். அங்கே நீயும் மாப்பிள்ளையும் குட்டியும் அப்படி ஒரு விலக்குகூட இல்லாமல் முழு நலமாக இருக்க வேண்டும். மூன்று வாரத்துக்கு முன்னால் போனைப் பாதியில் வைத்தது நான்தான். லைன் கட்டாகிவிட்டது என்று அம்மா உன்னிடம் சொன்னது பொய், கோபத்தில்தான் வைத்தேன். அதற்குப் பிறகு நீ கூப்பிட்டபோதெல்லாம் போனை அவளிடமே நீட்டிவிட்டேன், நடந்ததை எதையும் சொல்லாதே, நானே எழுதிக்கொள்கிறேன் என்று அவள் வாயையும் கட்டிவைத்திருக்கிறேன். அவள் இத்தனை நாள் தாங்கியதே பெரிய விஷயம். போனில் சொல்லலாம்தான், ஆனால் நான் ஒரு வாக்கியத்தை முடிப்பதற்குள் நீ மூன்று வாக்கியம் பேசிவிடுகிறாய். கடிதத்தில் குறுக்கே பேச முடியாது. நானேதான் டைப் அடிக்கிறேன், அடித்ததைக் கம்ப்யூட்டர் எனக்குப் படித்துக் காட்டுகிறது, பக்கத்தில் யாரும் உட்கார்ந்து உதவவில்லை என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

அன்றைக்கு என்ன நடந்தது என்று நீ முழுதாகக் கேட்கவே இல்லை. அம்மாவின் முட்டி ஆபரேஷனுக்கு ஏழு மாதம் காத்திருந்து ஒரு தேதி வந்தது. ஆஸ்பத்திரி வெப்சைட்டில் போய் அதை உறுதி செய்ய வேண்டும், இரண்டு நாள் கெடு. அந்த வெப்சைட் எனக்கு உள்ளங்கை மாதிரி. மேலேயிருந்து டேப் கீயைப் பதினாலு தடவை தட்டினால் நம் பதிவுகள் வரும், என்டர். அதிலிருந்து ஆறு தடவை, என்டர். நிச்சயமாகவா என்று ஒரு கேள்வி கேட்கும், அதற்கு இன்னொரு என்டர். முடிந்தது. முப்பத்தெட்டு வருஷம் மோட்டாருக்குக் காயில் கட்டினவன் நான், ஒரு சுற்றுக் கூடினாலோ குறைந்தாலோ மோட்டார் புகைந்துவிடும், கண்ணை மூடிக்கொண்டு எண்ணுவது எனக்குப் புதிதில்லை, இப்போது மூடவேண்டிய அவசியமும் இல்லை. ஆனால் முந்தின வாரம் அவர்கள் வெப்சைட்டைப் புதிதாக்கிவிட்டார்கள். எழுத்தையெல்லாம் எடுத்துவிட்டுச் சின்னச் சின்னப் படமாக வைத்துவிட்டார்கள், படத்துக்குப் பின்னால் பெயர் எழுதவில்லை. பெயர் எழுதாவிட்டால் படித்துச் சொல்லும் குரலுக்கு எதுவும் தெரியாது. பட்டன், பட்டன், பட்டன் என்று ஆறு தடவை சொன்னது. நான் என் கணக்குப்படி ஆறாவதைத் தட்டினேன், வழக்கம்போல இரண்டு என்டர். உங்கள் பதிவு ரத்து செய்யப்பட்டது என்று அந்தக் குரல் சொன்னது, சமையலறையில் இருந்த அம்மாவுக்கும் கேட்டது. கத்துவாள் என்று பார்த்தேன். கத்தவில்லை. நாற்காலியைப் பிடித்துப் பிடித்து வந்து பக்கத்தில் உட்கார்ந்து, விடுங்க, இத்தனை மாசம் பொறுத்தவளுக்கு இன்னும் நாலஞ்சு மாசமா பெருசு என்றாள். கத்தியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

அவள் எப்படி மாடிப்படி இறங்குகிறாள் என்று உனக்குத் தெரியாது. நண்டு மாதிரி பக்கவாட்டில், ஒரு படிக்கு இரண்டு காலையும் வைத்து, வாய்க்குள் யாரையோ திட்டிக்கொண்டே இறங்குவாள். யாரை என்று நான் கேட்பதில்லை. இதற்கு நடுவில்தான் நீ கூப்பிட்டு, அப்பா பாஸ்வேர்டைக் குடுத்துருங்க, இனிமே எல்லாத்தையும் நான் இங்கிருந்தே பாத்துக்கறேன், உங்களுக்கு எதுக்கு இந்த வம்பு என்றாய். நல்லெண்ணம்தான், இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் உனக்கு ஒன்று நினைவிருக்கிறதா, கண் போன முதல் வருஷம் என்னைச் செருப்புக் கடைக்குக் கூட்டிப்போனீர்கள். கடைக்காரர் என் காலில் செருப்பை மாட்டிவிட்டு உன் அம்மாவைப் பார்த்து, அவருக்குக் கடிக்குதாம்மா என்று கேட்டார். கால் என்னுடையது. அம்மாவும் என்னைக் கேட்காமலே, இல்லைங்க சரியா இருக்கு என்றாள். ஒரு வருஷம் கடித்தது அந்தச் செருப்பு. நீ பாஸ்வேர்டு கேட்டபோது எனக்கு அந்தக் குதிகால்தான் ஞாபகம் வந்தது, அதனால்தான் போனை வைத்தேன்.

மறுநாளே ஆஸ்பத்திரிக்குப் போனேன். கவுன்டரில் இருந்தவர், கூட யாரும் வரலையா சார், வீட்டுல கண்ணு தெரிஞ்சவங்க யாரும் இல்லையா என்றார். இருக்காங்க, அவங்களுக்கு முட்டி வளைய மாட்டேங்குது, அதுக்குத்தானே வந்திருக்கேன் என்றேன். அடுத்த தேதி ஐந்து மாதம் கழித்துத்தான், காத்திருப்போர் பட்டியலில் பெயர் போடுகிறேன், யாராவது விலகினால் மெசேஜ் வரும், அன்றைக்கே வெப்சைட்டில் போய் உறுதி செய்ய வேண்டும் என்றார். அந்த வெப்சைட்டைப் பற்றித்தானே புகார் சொல்ல வந்திருக்கிறேன் என்றேன். புகாரையும் வெப்சைட்டில்தான் தர வேண்டுமாம். வீட்டுக்கு வந்து புகார் பக்கத்தைத் திறந்தால், நீங்கள் மனிதர்தான் என்று நிரூபிக்க மரம் இருக்கும் படங்களைத் தேர்ந்தெடுங்கள் என்கிறது. எழுபத்தொரு வயதில், மரத்தைக் காட்ட முடியாததால் நான் மனிதன் இல்லை என்று ஆகிவிட்டது. அம்மா விழுந்து விழுந்து சிரித்தாள், எனக்கு எப்பவோ தெரியும் என்றாள்.

நாலாவது நாள் மெசேஜ் வந்தது. ஒருவர் விலகிவிட்டார், இருபதாம் தேதி காலியாக இருக்கிறது. நான் உட்கார்ந்தேன். இந்தத் தடவை எண்ணவில்லை, ஒவ்வொன்றாகக் கேட்டேன், கேட்டு என்ன பயன், பட்டன் பட்டன்தான். அம்மாவைத் திரையைப் பார்த்துச் சொல்லச் சொன்னேன். ஒண்ணுல வளையம் போட்டிருக்கு, ஒண்ணுல அம்புக்குறி, ஒண்ணு என்னன்னே தெரியல, பூரான் மாதிரி இருக்கு என்றாள். கண் நன்றாகத் தெரிகிற அவளுக்கே புரியவில்லை என்பதைக் குறித்துக்கொள். எப்படியோ காலண்டர் வரைக்கும் போனோம், அதற்குள் நுழைந்தது டேப் கீ, திரும்ப வெளியே வரவே இல்லை, முப்பத்தொன்று முடிந்து மறுபடி ஒன்று, மறுபடி முப்பத்தொன்று. மாடியில் இருக்கும் தையல்காரம்மாவைக் கூப்பிட்டோம். அவருக்குக் கை நடுக்கம், துணியைப் பிடித்துவிட்டால் நடுங்காது, மவுஸைப் பிடித்தால் நடுங்கும், அந்தக் குட்டிப் படத்தின் மேல் அவரால் நிறுத்த முடியவில்லை. நாங்கள் மூன்று பேரும் சேர்ந்து ஒரு ஆளாக ஆவதற்குள் அந்தத் தேதியை வேறு யாரோ எடுத்துக்கொண்டுவிட்டார்கள். அப்போது உனக்கு போன் பண்ணிப் பாஸ்வேர்டைக் கொடுத்துவிடலாமா என்று கை போனை எடுத்துவிட்டது என்பதையும் மறைக்காமல் சொல்கிறேன். அம்மாதான் வாங்கி வைத்தாள். எனக்காகப் பண்றீங்கன்னா வேண்டாம், என் முட்டியச் சாக்கா வச்சு நீங்க தோத்துப்போக வேண்டாம் என்றாள். இவளோடு முப்பத்தாறு வருஷம் குடும்பம் நடத்தியிருக்கிறேன், இப்படி ஒரு வார்த்தை அவளிடம் இருக்கிறது என்று எனக்குத் தெரியாது.

அடுத்த நாள் என் கம்ப்யூட்டரையே பையில் போட்டுக்கொண்டு போனேன். வெப்சைட்டைச் செய்தவரைப் பார்க்காமல் நகர மாட்டேன் என்று கவுன்டர் பக்கத்தில் பெஞ்சில் உட்கார்ந்தேன். முதல் நாள் அவர் மீட்டிங்கில் இருந்தார், இரண்டாம் நாளும் மீட்டிங், மூன்றாம் நாள் கவுன்டர்காரரே, சார் சாப்பிட்டீங்களா என்று கேட்கிற அளவுக்கு ஆகிவிட்டது. மத்தியானம் கூப்பிட்டார்கள். இரண்டாவது மாடியில் ஒரு சின்ன அறை, ஏசி சத்தம், மேஜைக்கு எதிரே ஒரு பெண்மணி, குரலைக் கேட்டால் உன்னைவிட நாலைந்து வயது மூத்தவர். எல்லாருக்கும் சரியாத்தானே சார் வருது என்றார். எல்லாரும்னா யாரும்மா என்றேன். கம்ப்யூட்டரை மேஜைமேல் வைத்து, திரையை அணைத்துவிட்டு, இந்தாங்க, எங்க வீட்டம்மாவுக்கு ஒரு தேதியை உறுதி பண்ணிக் காட்டுங்க, நான் கிளம்பிடறேன் என்றேன். அவர் மறுக்கவில்லை, அதற்காகவே அவரை மன்னித்தேன். பட்டன், பட்டன் என்று ஆரம்பித்தது. பட்டன்களை எப்படியோ தாண்டிவிட்டார், செய்தவர் அல்லவா, காலண்டரில் போய் மாட்டிக்கொண்டார். பத்து நிமிஷம் நாற்காலி கிரீச் கிரீச் என்று சத்தம் போட்டது. பிறகு மெதுவாக, சார் இது நான் செஞ்சதுதான் என்றார். நான் மூன்று நாளாகத் திட்டுவதற்கு வரிசையாக வைத்திருந்த வார்த்தைகள் எல்லாம் அப்படியே பையிலேயே இருந்துவிட்டன.

ஆனால் அவர் என்னையும் விடவில்லை. ஏன் சார் எண்ணிக்கிட்டே போறீங்க, தலைப்புக்குத் தலைப்பு தாவறதுக்கு ஒரே ஒரு கீதான் இருக்கே, பக்கம் மாறினாலும் தப்பாதே என்று காட்டிக்கொடுத்தார். ஆறு வருஷமாக இது எனக்குத் தெரியாது. யாரிடமாவது கேட்டால்தானே தெரியும். இன்னொன்றும் சொன்னார். ரத்து செய்வதற்கு முன்னால், நிச்சயமாக ரத்து செய்யவா என்று வெப்சைட் கேட்குமாம், அந்த வரி எழுத்தில்தான் இருக்கிறது, குரல் அதைப் படித்துத்தான் இருக்கும் என்றார். வீட்டுக்கு வருகிற வழியெல்லாம் அதைத்தான் யோசித்தேன். படித்ததுதான், மகளே. ரத்து என்ற சொல்லின் முதல் எழுத்து வரைக்கும் எனக்குக் கேட்டது, நான்தான் கணக்கு முடிந்துவிட்டது என்ற மிதப்பில் அடுத்த என்டரைத் தட்டி அதன் வாயை அடைத்துவிட்டேன். பெயர் எழுதாதது அவர்கள் தப்பு, அதில் நான் அரை அங்குலமும் இறங்க மாட்டேன். கேட்காமல் தட்டியது என் தப்பு. இரண்டு நாள் மென்று முழுங்கிவிட்டு அம்மாவிடம் சொல்லிவிட்டேன். உனக்குத் தெரியுமே, படித்துச் சொல்லும் அந்தப் பெண் குரலுக்கு அவள் வைத்திருக்கும் பெயர் சக்களத்தி. கட்டினவ சொல்றதயே நீங்க பாதிக்குமேல கேட்டதில்ல, சக்களத்தி சொல்றத மட்டும் முழுசா கேட்டுருவீங்களாக்கும் என்றாள். அத்தோடு விட்டாள்.

அந்தப் பெண்மணி பதினோரு நாள் எடுத்துக்கொண்டார். நடுவில் நான்கு தடவை போன் பண்ணி, சார் இத இப்படி மாத்தியிருக்கேன், கேட்டுப் பாருங்க என்பார். நான் ஏதாவது ஒன்று சொல்வேன், சரி சார் என்று பெருமூச்சு விடுவார். இப்போது ஒவ்வொரு பட்டனும் வாயைத் திறந்து தன் பெயரைச் சொல்கிறது. அம்மாவுக்கும் புரிகிற மாதிரி படத்துக்குக் கீழே எழுத்து வந்துவிட்டது, பூரான் போயே போய்விட்டது. தையல்காரம்மாவுக்கு மவுஸே வேண்டாம், கீ போர்டிலேயே தன் கண் பரிசோதனைக்குப் பதிவு செய்துகொண்டார். அந்த மரப்படம் மட்டும் இன்னும் இருக்கிறது, அது வெளிக் கம்பெனியுடையதாம், அதற்கும் மனுப் போட்டிருக்கிறாராம். போடட்டும். வராவிட்டால் அந்த பெஞ்ச் எனக்குப் பழகின பெஞ்ச்தான்.

போன வியாழக்கிழமை காலையில் மறுபடி மெசேஜ் வந்தது. அடுத்த மாதம் பன்னிரண்டாம் தேதி. அம்மாவைப் பக்கத்தில் உட்காரவைத்துக்கொண்டு போனேன். தேதியை உறுதி செய், பட்டன் என்றது. தட்டவில்லை. பின்னால் போய் மறுபடி வந்து கேட்டேன், அதையேதான் சொன்னது. தட்டினேன். பன்னிரண்டாம் தேதியை நிச்சயமாக உறுதி செய்யவா என்றது. முழுதாகக் கேட்டேன். அம்மா, தட்டுங்களேன், சக்களத்தி காத்துக்கிட்டிருக்கா என்றாள். தட்டினேன். உறுதி செய்யப்பட்டது. அம்மா எழுந்து, இரண்டு காபி போட்டுக்கொண்டு வந்தாள், அந்த முட்டியோடு சமையலறைக்குப் போய் எனக்கும் சேர்த்து அவளாகப் போட்டது அந்த வாரத்தில் அதுதான் முதல் தடவை.

ஆகவே பாஸ்வேர்டு கிடையாது. அதற்குப் பதில் உனக்கு வேறு வேலை தருகிறேன். நீயும் ஊர்க் கம்பெனிகளுக்கெல்லாம் வெப்சைட் செய்கிறாய். போன மாதம் நீ செய்த அந்தப் பொம்மைக் கடைக்கு நானே போனேன், குட்டிக்கு ஏதாவது வாங்கலாம் என்று. கூடையில் போட முடிந்தது, கூடையை விட்டு வெளியே வர முடியவில்லை, அந்தப் பொம்மை இன்னும் அங்கேயே கிடக்கும். அதெல்லாம் கடைசியில பாத்துக்கலாம்பா, இப்ப நேரமில்ல என்று நீ ஒருநாள் சொன்னது எனக்கு மறக்கவில்லை. கடைசியில் நிற்கிறது உன் அப்பன். ஒருநாள் திரையை அணைத்துவிட்டு நீயே அந்தக் கடையில் ஒரு பொம்மை வாங்கிப் பார், நான் வேறு எதுவும் சொல்லவேண்டியதில்லை.

இன்னொன்று, இதுதான் முக்கியம். நீ வாராவாரம் குட்டியின் படம் அனுப்புகிறாய். என் கம்ப்யூட்டர் அதற்குப் படம் என்று சொல்லி ஏதோ நாலு எண்ணைப் படிக்கும், அவ்வளவுதான். இத்தனை நாள் உன் அம்மாதான் சொல்லிக்கொண்டிருந்தாள், மூக்கு உங்க அம்மா மூக்கு, முறைப்பு உங்க முறைப்பு என்று. அவள் பன்னிரண்டாம் தேதியிலிருந்து ஐந்து நாள் ஆஸ்பத்திரியில் இருப்பாள். அந்த ஐந்து நாள் எனக்குச் சொல்ல ஆள் இல்லை. ஒவ்வொரு படத்துக்கும் கீழே இரண்டு வரி எழுது. குட்டி அழகாக இருக்கிறாள் என்று எழுதாதே, அது எனக்குத் தெரியும். கையில் என்ன வைத்திருக்கிறாள், எதைப் பார்க்கிறாள், மேல்பல் வந்துவிட்டதா, யார் மேல் கோபம், அதை எழுது. பட்டனுக்குப் பெயர் வைக்கிற பழக்கம் அங்கிருந்தே உனக்கு வந்துவிடும். நான் அதை முழுதாகக் கேட்பேன், நடுவில் எதையும் தட்ட மாட்டேன்.

வேளைக்குச் சாப்பிடு, கழுத்தைத் தொங்கப்போட்டுக்கொண்டு உட்காராதே. மாப்பிள்ளையைக் கேட்டதாகச் சொல். குட்டி எங்கே போனாலும் எல்லாக் கதவும் அவளுக்குத் திறக்கட்டும், அவளோடு வருகிறவர்களுக்கும் திறக்கட்டும் என்று நாங்கள் இருவரும் வாழ்த்துகிறோம். பன்னிரண்டாம் தேதி காலை ஏழு மணிக்கு அம்மாவோடு பேசு, மறந்துவிடாதே. போனை இந்தத் தடவை நான் எடுக்கிறேன்.

இப்படிக்கு,
எந்த பெஞ்சிலிருந்தும் எழுந்திருக்காத
உன் அப்பா