கொட்டாவி தேசத்தின் தெற்கு எல்லை

வைகாசி 4, வெள்ளி

விடியும்போதே புழுக்கம். கிணறு மூன்று முழம் இறங்கிவிட்டது. அப்பள மாவு இடித்து இடுப்பு விட்டுப்போயிற்று.

மத்தியானம் தம்பி நடேசன் மாம்பலத்திலிருந்து வந்தான். பத்திரிகை ஆசிரியரின் கடிதம். என் கதை அவன் வைத்துக்கொண்ட புனைபெயரில் வருவதால் கடிதமும் அவன் விலாசத்துக்கு. இரண்டு வருஷத்துக்கு முன் நானே செய்த ஏற்பாடு. வீட்டுக்காரர் காதுக்கு எட்டினால் இந்த வீட்டில் பேனாவே இருக்காது.

ஆசிரியர் எழுதியிருப்பது:

1. ‘கொட்டாவி தேசம்’ நன்றாகப் போகிறது. சந்தோஷம்.
2. ஆனால் எந்த ஊர் எந்தப் பக்கம் என்று வாசகர்களுக்குக் குழப்பம். தேசப்படம் ஒன்று வேண்டும். அச்சுக்கு பிளாக் செய்ய வசதியாகக் கறுப்பு மையில். 18-ஆம் தேதிக்குள்.
3. ஏரியைப் பறிகொடுத்த தவளைகள் ஆற்றங்கரைக்கு வந்து இரண்டு வாரமாகிறது. அக்கரையில் என்ன இருக்கிறது? படத்தில் அவசியம் காட்டவும்.

அக்கரையில் என்ன இருக்கிறதென்று எனக்குத் தெரிந்தால்தானே! தெரியாமல்தான் இரண்டு வாரமாகத் தவளைகளைக் கரையிலேயே உட்கார்த்தி வைத்திருக்கிறேன்.

வைகாசி 6, ஞாயிறு

சங்கரா மீன் குழம்பு. உப்பு ஒரு கல் தூக்கல். அவர் கவனிக்கவில்லை.

கூடத்தில் சாய்வு நாற்காலியில் மல்லாந்தபடி என் கதையை எனக்கே வாசித்துக் காட்டினார். வயிறு குலுங்கச் சிரிப்பு. ராஜா கொட்டாவி விட்டால் மந்திரி, சேனை, திருடன், காவல்காரன் எல்லாரும் தூங்கிப்போகிற இடத்தை இரண்டு தடவை வாசித்தார்.

“இந்த ராஜா யாரு தெரியுமாம்மே? நாலாவது வீட்டு வக்கீலு. அப்படியே உரிச்சு வெச்சிருக்கான் எழுதினவன்.”

சொல்லிவிட்டு ஒரு கொட்டாவி விட்டார். கூடத்துப் பூனையும் விட்டது.

வாசகர் கடிதங்கள் அதற்கு மேல். பென்ஷன் தாசில்தார் ஒருவர், புகைமலை இத்தாலியில் இருப்பதாக நிரூபித்திருக்கிறார். இன்னொருவருக்கு முணுமுணுப்பு ஆறு கூவம். கொட்டாவி தேசம் சட்டசபையாம். எங்கேயாவது எழுதி வைக்காவிட்டால் தலை வெடித்துவிடும், ஆகவே:

கொட்டாவி தேசம்: எங்கள் கூடம். சிம்மாசனம்: மேற்படி நாற்காலி, ஒரு கால் குட்டை, அடியில் மடித்த அட்டை. புகைமலை: என் அடுப்பு. முணுமுணுப்பு ஆறு: பின்கட்டுச் சலதாரை, அதன் பக்கத்தில் நின்று முணுமுணுப்பது நான். மூடிய ஏரி: மாம்பலம்.

இத்தாலியாம். பத்துப் பாத்திரத்தை இந்தப் புகையில் தேய்த்துப் பார்க்கட்டும் அந்த தாசில்தார்.

சாப்பாட்டுக்குப் பின் மெல்லக் கேட்டேன், அடையாற்றுக்கு அந்தப் பக்கம் ஒரு நாள் போய்வரலாமா என்று.

“அங்க இன்னா இருக்குது? மணலு, சவுக்கு. வேலையத்துப் போச்சா?”

வைகாசி 7, திங்கள்

நான் பார்த்த உலகம், திக்குவாரியாக. வடக்கே திருவல்லிக்கேணி, ஒரு தடவை பீச் ஸ்டேஷன். மேற்கே தம்பி வீடு. கிழக்கே கடல். தெற்கே அடையாற்றுப் பாலம் வரை ஜட்காவில் ஒரே தடவை. குதிரை மிரண்டு திரும்பிவிட்டது. பிறந்ததும் மயிலாப்பூர், வாழ்க்கைப்பட்டதும் மயிலாப்பூர், நடுவில் இரண்டே தெரு. என் தேசம் தெற்கே ஏன் நின்றுவிட்டது என்று இப்போது புரிகிறது. எரிச்சலாக இருக்கிறது.

துவரம்பருப்பு தீர்ந்தது.

வைகாசி 9, புதன்

இன்று கோபத்தில் எழுதுகிறேன், பேனா முனை தாளைக் கிழிக்கிறது.

நடேசன் வந்தான். புது அங்கவஸ்திரம். மாம்பலம் வாசகசாலையில் ‘கதாசிரியர்’ பேசினாராம்!

“ஒண்ணரை மணி நேரம் பேசினேன்க்கா. மாலை போட்டாங்க. தவளைன்னா தேசத் தொண்டருங்கன்னு சொன்னேன். ஒரே கைதட்டல்.”

தவளை என்றால் தவளைதானடா. ஐப்பசி மழையில் உன் வீட்டுக் குளியலறைக்குள் வந்து உட்கார்ந்திருந்ததே, அதே தவளை. ஏரியை மூடி வீதி போட்டு மனை விற்றாயிற்று, அது எங்கே போகும்? பாவமாக இருந்தது, எழுதினேன்.

அதோடு விடவில்லை. தேசப்படத்தையும் அவனே போட்டு வைத்திருக்கிறான். மடியிலிருந்து எடுத்து விரித்தான். ஆற்றுக்கு அக்கரையில் லண்டன். மணிக்கூண்டு, தொப்பிக்காரர்கள், ஒரு கப்பல். என் சலதாரை மேல் இரும்புப் பாலம்!

“என் தேசத்துக்கு நீ யாருடா படம் போட?” என்றேன்.

“நீ எங்கேக்கா அந்தப் பக்கம்லாம் பார்த்தே? அதுவுமில்லாம, பேரு என்னுதுதானே?”

சிரித்துக்கொண்டேதான் சொன்னான். இரண்டு ஆழாக்கு மாவு முறுக்கையும் தின்றுவிட்டுப் போனான். பதினெட்டாம் தேதி ஆசிரியரிடம் நேரில் கொடுக்கப்போகிறானாம்.

அவன் போனதும் அழுதேன். இரண்டு வருஷமாக வெந்த சோற்றுக்கும் கொதிக்கிற குழம்புக்கும் நடுவே ஒவ்வொரு ஊராகக் கட்டினேன். அதில் லண்டனைக் கொண்டுவந்து இறக்கிவிட்டான்.

வைகாசி 11, வெள்ளி

மீன்காரி கன்னியம்மா வந்தாள். மூன்று வருஷமாக இவளிடம் மீன் வாங்குகிறேன். எங்கிருந்து வருகிறாய் என்று இன்றைக்குத்தான் கேட்டேன். எனக்கே வெட்கம்.

“ஊரூர் குப்பம்மா. ஆத்துக்கு அந்தாண்ட.”

கையில் இருந்த நெத்திலியைக் கீழே போட்டுவிட்டேன். நான் மூன்று வாரமாகத் தாண்ட முடியாத ஆற்றை இவள் தினம் கூடையோடு தாண்டி வருகிறாள்!

“எப்படித் தாண்டறே?”

“இப்ப மொகத்துவாரத்துல மணல் அட்ச்சிக்கினு கீதும்மா. நட்ந்தே வந்துருவேன். மழைக்காலத்துலதான் படகு.”

“அங்கே என்ன இருக்குது?”

என்னை ஏற இறங்கப் பார்த்தாள். “இன்னாம்மா கேள்வி இது? எங்க வூடு கீது. வேணும்னா வந்து பாரேன்.”

வைகாசி 14, திங்கள்

போய்வந்தேன்.

அவர் ஆபீசுக்குப் போனதும் கதவைப் பூட்டினேன். கன்னியம்மா காலிக் கூடையோடு முன்னால், நான் பின்னால். சாந்தோம் தாண்டி மணலில் இறங்கியதும் பாதம் பொரிந்தது. மணல்திட்டில் புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு நடந்தேன். ஒருபக்கம் ஆறு, ஒருபக்கம் கடல். நடுவில் ஓர் இடத்தில் கணுக்காலளவு தண்ணீர். அவ்வளவுதான். இந்தக் கணுக்கால் தண்ணீருக்காகவா மூன்று வாரம்!

அக்கரை: உலர்கிற வலை, கட்டுமரம், சவுக்கு, தாழம்புதர், ஒரு சொறிநாய். லண்டன் இல்லை. கன்னியம்மா குடிசை வாசலிலிருந்து பக்கத்து வீட்டுக்காரியைக் கூவினாள்.

“ஏ பொம்மி, ஓடியா! அக்கரைலேர்ந்து ஒரு அம்மா வந்துகீறாங்க!”

யார் வந்திருக்கிறார்கள் என்று நானும் திரும்பிப் பார்த்தேன். என்னைத்தான் சொல்கிறாள்.

குடிசை நிழலில் உட்காரவைத்து நீராகாரம் கொடுத்தார்கள். அங்கிருந்து எங்கள் ஊரைப் பார்த்தேன். மாதாகோயில் கூம்பு, தென்னந்தோப்பு, தூரத்தில் கோபுரத்தின் தலை. கையை நீட்டி மறைத்துப் பார்த்தேன். முழுதும் உள்ளங்கைக்குள் மறைந்துவிட்டது. கூடம், நாற்காலி, அடுப்பு, வக்கீல், நான் பயந்த எல்லாரும். முப்பத்தொரு வருஷம் அதற்குள் இருந்திருக்கிறேன். சிரிப்பும் ஆத்திரமும் சேர்ந்து வந்தது.

மூன்று மணிக்குள் வீடு. காலில் இரண்டு கொப்புளம். அவரிடம் அடுப்புத் தணலை மிதித்துவிட்டேன் என்றேன்.

வைகாசி 15, செவ்வாய்

அவருடைய பேனா மை நீலம். விளக்குக் கரியை வேப்பம்பிசினில் குழைத்தேன். நல்ல கறுப்பு.

படம் போட்டாயிற்று. அக்கரையில் நின்று பார்த்தபடியே. முன்னால் பெரிதாகக் குப்பம், வலை, நாய், கரையேறும் தவளைகளுக்கு நீராகாரம் ஊற்றுகிற ஒருத்தி. நடுவில் ஆறு. அதற்கப்பால் உள்ளங்கை அளவில் கொட்டாவி தேசம்: மாதாகோயில், கோபுரம், எங்கள் தெரு, மூன்றாவதாக எங்கள் வீடு, அதில் குட்டைக்கால் சிம்மாசனம், அடியில் மடித்த அட்டை. மூலையில் என் பெயர். எழுதி, அழித்து, மறுபடி எழுதினேன்.

கூடவே ஒரு சீட்டு: ‘ஆசிரியர் அவர்களுக்கு. இந்தக் கையெழுத்தை உங்கள் அச்சுக்கூடத்தில் எழுத்துக் கோப்பவர்களிடம் காட்டி, யாருடையது என்று கேட்கவும். இரண்டு வருஷமாக அவர்கள் படித்துக் கோப்பது இதைத்தான்.’

நானே தபாலாபீசுக்கு நடந்து போய்ப் போட்டேன். திரும்பும்போது கொத்தமல்லி வாங்க மறந்தேன்.

வைகாசி 20, ஞாயிறு

நடேசன் வந்தான். பழைய அங்கவஸ்திரம். அவன் படத்தை ஆசிரியர் திருப்பிக் கொடுத்துவிட்டாராம். தலையைக் குனிந்துகொண்டு சாப்பிட்டான். கை கழுவும்போது, “வாசகசாலைல நான் இன்னாக்கா சொல்றது?” என்றான். தவளை என்றால் தவளை என்று சொல், என்றேன்.

பாவமாகத்தான் இருந்தது. முறுக்கு கட்டிக் கொடுத்தேன்.

வைகாசி 27, ஞாயிறு

வெயில் தணியவில்லை. நெத்திலி வறுவல். பத்திரிகை வந்தது.

படம் முழுப் பக்கத்துக்கு. அவர் நாற்காலியில் சாய்ந்து பிரித்தார். முதலில் சிரிப்பு. பிறகு படத்தை மூக்கருகில் கொண்டுபோனார்.

“இது சாந்தோம் கோயிலும்மே. இது நம்ம கோபுரம். இன்னாடா இது, இது நம்ம தெரு!”

விரலால் வீடுகளை எண்ணினார். ஒன்று, இரண்டு, மூன்று. விரல் நின்றது. நிமிர்ந்து உட்கார்ந்தார். குனிந்து நாற்காலிக் காலைப் பார்த்தார். மறுபடி படத்தைப் பார்த்தார்.

“அட்டை வெச்சிருக்கிறது இவனுக்கு எப்படித் தெரியும்?”

“இவன்னு யாரு சொன்னாங்க? மூலையில பேரு பொடிசா போட்டிருக்குது. கண்ணாடியப் போட்டுக்கினு படிங்க.”

கண்ணாடி தேட உள்ளே போயிருக்கிறார். நாற்காலி காலி. பதினாலு வருஷத்தில் முதல் தடவையாக உட்கார்ந்தேன். அட்டை வைத்தும் ஆடத்தான் செய்கிறது. இதை இதில் இருந்தபடியே எழுதுகிறேன். அலமாரிக் கதவு சாத்துகிற சத்தம். கண்ணாடி கிடைத்துவிட்டது போல. வருகிறார். நான் எழுந்திருக்கப் போவதில்லை.