இத்தாவில் தவறிய தவணை

புதன், பலாபத்வல.

கோபத்தில் இன்றைக்குச் சோறு இறங்கவில்லை. தள்ளுபடியான எங்கள் அப்பீலைத் திரும்ப எடுக்கும்படி நாளை மாத்தளைக் கோர்ட்டில் கேட்கப்போகிறோம். முடியாது என்றுவிட்டால், என்னைக் கட்டி, மவுத்தாகி அடக்கமான என் மாப்பிள்ளையின் மிளகுத் தோட்டம் கைவிட்டுப் போய்விடும்.

கோர்ட்டுக்குப் போகவேண்டிய தவணை நாளைச் சொல்ல, எங்கள் வழக்கைப் பேசும் புரொக்டரின் கிளாக்கர் வீடு தேடி வந்திருக்கிறார். மாப்பிள்ளை மவுத்தாகி, நாலு மாதமும் பத்து நாளும் நான் இத்தாவில் வீட்டுக்குள் இருந்த காலம் அது. எனக்கு மூத்தவராகக் கூடப்பிறந்த நானா, கிளாக்கரை வாசலோடு திருப்பி அனுப்பிவிட்டு, என்னிடம் மூச்சுவிடவில்லை. யாரும் போகாததால் அப்பீல் தள்ளுபடியானது.

இன்று புரொக்டர் ஐயா, அவர் யாழ்ப்பாணத்துக்காரர், இரண்டு வழி சொன்னார். "அண்டைக்குத் தங்கச்சிக்குக் காய்ச்சல் எண்டு டொக்டரிட்டை மெடிக்கல் துண்டு எடுப்பம். இல்லாட்டி அண்ணர் சாட்சிக் கூண்டில ஏறி, தான்தான் மறைச்சது எண்டு சொல்லவேணும்."

"எனக்குக் காய்ச்சல் வரல்ல. பொய்ச் சத்தியம் பண்ணமாட்டேன்" என்றேன். நானா தொப்பியைக் கழற்றி மடித்துக்கொண்டே இருந்தார். அவர் பள்ளிவாசல் டிரஸ்டி; ஊர் பார்க்கக் கூண்டில் ஏறுவாரா?

வீட்டுக்கு வந்ததும் வெடித்தார். "இத்தாவுல இருக்கிற பொம்பளகிட்டயா கோர்ட்டுப் பேச்சு பேசுறது? ஒனக்காகத்தானே மறைச்சேன்!"

"இத்தாவுலதான் இருந்தேன் நானா, மவுத்தாகிப் போகல்ல."

சற்று முன் நானா என் கதவருகே வந்து நின்றார். பேசாமல் திரும்பிவிடுவார் என்றுதான் நினைத்தேன்.

"அந்த ஜட்ஜ் ஐயாவுக்குத் தமிழ் வெளங்குமா, இல்ல நான் சிங்களத்துல சொல்லணுமா?" என்று கேட்டார்.