என் அளவில் ஒரு நீச்சலுடை

மார்ச் 4, செவ்வாய்

எலும்பு டாக்டர் இன்று வலது கையைத் தூக்கச் சொன்னார். காதுக்கு மேல் போகவில்லை. ஜனவரியில் உடைந்த காறை எலும்பு கூடிவிட்டதாம், தோள்தான் இறுகிப்போய்விட்டதாம். "தண்ணில இறங்கி கையை வீசுங்க. நீச்சல் கத்துக்கிட்டா இன்னும் நல்லது" என்றார். குளியலறையில் வழுக்கி விழுந்ததாகத்தான் அவரிடம் சொல்லியிருக்கிறேன். நம்பினாரா? அதே ஆஸ்பத்திரியில் எக்ஸ்ரே எடுப்பவள் நான். விழுந்த எலும்பு எப்படியிருக்கும், நாற்காலிக் கால் பட்ட எலும்பு எப்படியிருக்கும் என்று தெரியாதவளா? அவருக்கும் தெரியும். தலையைக் குனிந்துகொண்டு சீட்டு எழுதினார்.

பொது நீச்சல் குளத்தில் பெண்களுக்கு நேரம் மாலை நாலிலிருந்து ஐந்து. என் வேலை மூன்றரைக்கு முடிகிறது. வீட்டில் என் கணவரிடம் சொல்லப்போவதில்லை.

மார்ச் 8, சனி

நீச்சலுடை வாங்கப் போனேன். நாலடி ஒன்பது அங்குலம், முப்பத்தெட்டு கிலோ. வேலையிடத்தில் எனக்குப் பெயரே 'சிட்டு'. பெரியவர்கள் அளவில் இருந்த மிகச் சிறியதைப் போட்டுப் பார்த்தால் மார்பில் பை மாதிரி தொங்குகிறது. குனிந்தால் தொப்புள் வரை தெரிகிறது. குழந்தைகள் அலமாரியில் எடுத்தது நெஞ்சைத் தட்டையாக நசுக்கியது, வயிற்றில் ஒரு டால்பின் வேறு சிரித்தது. முப்பத்திநாலு வயதில் டால்பின்!

கடைக்காரி திரையை விலக்கிப் பார்த்துச் சிரித்தாள். ஒரு காலத்தில் போட்டிகளில் நீந்தியவளாம், தோள் இரண்டும் கதவு அகலம். "இடுப்பளவை விடும்மா. உனக்கு நீளம்தான் முக்கியம்" என்று தோளில் டேப்பை வைத்து, முன்பக்கமாக இறக்கி, கால் நடுவே கொண்டுபோய், முதுகு வழியாக அதே தோளுக்கு ஏற்றினாள். "இந்த நீளம் கூடிப்போனா பட்டை நழுவிக்கிட்டே இருக்கும். நீ நீந்தறதை விட்டுட்டு அதைத்தான் இழுத்துக்கிட்டிருப்பே."

பெரிய பூப்போட்டதை ஆசையாக எடுத்தேன். பிடுங்கி வைத்துவிட்டாள். "உன் உடம்புக்கு இதைப் போட்டா பூதான் தெரியும், நீ தெரியமாட்டே." கழுத்துக்குப் பின்னால் முடிச்சுப் போடுவதும் வேண்டாம், தண்ணீரில் அவிழுமாம். கடைசியில் கொடுத்தது கருநீலம். விலாவில் மேலிருந்து கீழாக வெளிர்நீலக் கோடு, கழுத்து கொஞ்சம் உயரம், முதுகில் பட்டை குறுக்கே போகும், தொடையருகே சற்று ஏற்றி வெட்டியது. போட்டதும் கால் நீளமாகத் தெரிந்தது. குதிக்கச் சொன்னாள், குதித்தேன். உட்காரச் சொன்னாள். கையைத் தூக்கச் சொன்னாள். முடிந்த அளவுக்குத் தூக்கினேன். எதுவும் விலகவில்லை.

அப்போதுதான் என் மேல்கையில் இருந்த நாலு விரல் தடத்தைப் பார்த்தாள். நானும் கண்ணாடியில் பார்த்தேன். "பட்டைக்கு அடியில ரெண்டு விரல் நுழையணும், மூணு நுழைஞ்சா லூசு" என்று மட்டும் சொன்னாள்.

வீட்டுக்கு வரும் வழியில் ஒன்று உறைத்தது. ஒவ்வொரு உடையையும் கையில் எடுத்தபோது, அழகா இல்லையா என்று நான் பார்க்கவில்லை. இதை எங்கே பிடித்து இழுக்கலாம் என்றுதான் பார்த்திருக்கிறேன்.

மார்ச் 11, செவ்வாய்

இறங்கிவிட்டேன். உடை உடம்போடு ஒட்டி நின்றது. முகத்தை மட்டும் தண்ணீருக்குள் வைக்க முடியவில்லை. போன ஆகஸ்டில் துணி ஊறவைத்த வாளிக்குள் அவர் என் தலையைப் பிடித்து அழுத்தினார். சோப்புத் தண்ணீர் மூக்கு வழியாகத் தொண்டைக்குள் போனது. நீச்சல் டீச்சரிடம், "எனக்கு சளி" என்றேன்.

மார்ச் 21, வெள்ளி

முகத்தை வைத்தேன். பத்து விநாடி. கண்ணைத் திறந்தால் என் கால் விரல்கள்! வெளியே வந்து பெஞ்சில் உட்கார்ந்து அழுதேன். ஏனென்று தெரியவில்லை.

மார்ச் 29, சனி

அவருடைய சட்டைக் காலரில் இஸ்திரி மடிப்பு சரியில்லையாம். இடது காதில் இன்னும் வண்டு பறக்கிறது.

ஏப்ரல் 2, புதன்

குளத்தின் குறுக்கே ஒருமுறை போய்விட்டேன். டீச்சர் ஆழப் பக்கத்துக்குக் கூட்டிப்போய், மூழ்குகிறவர் நம்மைப் பிடித்துக்கொண்டால் என்ன செய்வது என்று காட்டினாள். "மேல வரப் பார்க்காதே, கீழ போ. அவங்களுக்கு வேண்டியது மூச்சு. கீழ போனா தானா விட்டுடுவாங்க."

ஏப்ரல் 5, சனி

எழுதிவிட வேண்டும்.

மத்தியானம் லிஃப்ட் ரிப்பேர் வேலை முடிந்து சீக்கிரம் வந்திருக்கிறார். நான் வீட்டில் விட்டுப்போன பையைத் துழாவி, நேற்றைய ஈரம் காயாத உடையை எடுத்து வைத்துக்கொண்டு காத்திருந்தார். "எவனுக்குக் காட்டறதுக்குடி இது?" பெண்கள் மட்டும் வரும் நேரம் என்றேன், டாக்டர் சீட்டைக் காட்டினேன். சீட்டை என் வாயில் திணித்தார். "போட்டுக் காட்டு. நானும் பார்க்கறேன்."

போட்டேன். போடாமல் என்ன செய்வது? கூடத்தில் நிற்க வைத்தார். நாத்தனார் — அவருடைய அக்கா, கணவர் இறந்ததிலிருந்து எங்களோடுதான் இருக்கிறார் — சோபாவில் இருந்தார். "அண்ணி" என்று கூப்பிட்டேன். அவர் டிவி சத்தத்தைக் கூட்டினார். எப்போதும் அப்படித்தான். அடி விழ ஆரம்பித்தால் டிவி சத்தம் ஏறும்.

சமையலறைக் கத்தரிக்கோல். உடம்பில் இருக்கும்போதே வெட்டினார். பட்டை தடிப்பு, லேசில் வெட்டுப்படவில்லை. கோபத்தில் குத்தினார். தோளில் இரண்டு அங்குலம் கிழிந்தது. சதையைச் சொல்கிறேன், துணியை அல்ல. பிறகு துணியையும் வெட்டினார், கழுத்திலிருந்து கீழே வரைக்கும், சோளத்தோல் உரிக்கிற மாதிரி. ரத்தம் வெளிர்நீலக் கோட்டில் இறங்கியது. அண்ணி எழுந்து வந்து தரையைத் துடைத்தார். தரையை!

ஏப்ரல் 6, ஞாயிறு

இனிமேல் இந்த நோட்டில் 'அவர்' இல்லை. அவன்.

ஏப்ரல் 10, வியாழன்

கடைக்குப் போனேன். கடைக்காரி தோள் கட்டைப் பார்த்தாள். "பழசு என்ன ஆச்சு?" என்றாள். "கிழிச்சுட்டான்" என்றேன். வாயிலிருந்து இந்த வார்த்தை இவ்வளவு எளிதாக வரும் என்று நினைக்கவில்லை. அவள் உள்ளே போய், போட்டிக்காரர்கள் போடும் கெட்டித் துணியில், என் அளவுக்கு ஒன்று எடுத்து வந்தாள். மாட்டிக்கொள்ளவே ஐந்து நிமிஷம் ஆனது. "உலர்ந்திருக்கும்போது இறுக்கமா இருக்கணும். நனைஞ்சா இளகும்." பிறகு, பின்னால் நின்று குறுக்குப் பட்டைக்குள் விரலை விட்டு, தன் முழு பலத்தோடு இழுத்தாள். நான் இரண்டடி பின்னால் போனேன். பட்டை அசையவில்லை. "பிச்சுக்காது" என்றாள்.

இந்த உடை வீட்டுக்குப் போகாது. எக்ஸ்ரே அறையில் ஈய அங்கிகள் தொங்கும் கொக்கியில், அங்கிக்குள்ளே.

ஏப்ரல் 25, வெள்ளி

செவிலியர் விடுதியில், வார்டு சிஸ்டரின் அறையில் இருந்து எழுதுகிறேன். நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன். இந்த நோட்டிலாவது.

நாலரை மணி. ஆழப் பக்கத்தில் விளிம்பைப் பிடித்துக்கொண்டு மூச்சு வாங்கினேன். டீச்சர் மறுமுனையில் புதிதாக வந்தவர்களோடு இருந்தாள். வாசலில் சத்தம். காவலாளியைத் தள்ளிவிட்டு வருகிறான், பின்னாலேயே அண்ணி, "வேணாம்டா, வேணாம்டா" என்று. பெண்கள் அலறிக்கொண்டு துண்டைத் தேடினார்கள். நான் விளிம்பை விடுவதற்குள் குனிந்து முதுகுப் பட்டையைப் பிடித்துவிட்டான். ஒரு கையால் தூக்கினான். துணி பிய்யவில்லை, நான்தான் மேலே வந்தேன். முழங்கால், வயிறு, தாடை எல்லாம் சிமெண்டில் உரசியது. தாடையைத் தரையில் மோதினான். ஒரு முறை. இரண்டு முறை. பல்லில் ஏதோ உடைந்தது. "ஊருக்கெல்லாம் காட்டறியா, காட்டறியா?"

அவன் கணுக்காலைக் கட்டிப்பிடித்துக் கடித்தேன். நான் விடவில்லை. செருப்புக் கால் ஈரத்தில் வழுக்கியது. பட்டையை விட்டிருந்தால் நின்றிருப்பான். விடவில்லை. இரண்டு பேருமாக உள்ளே விழுந்தோம்.

அவனுக்கு நீச்சல் தெரியாது. என் தோளில் ஏறினான். தலையை அழுத்தினான். அதே கை, வாளியில் அழுத்திய அதே கை. நான் மேலே வரப் பார்க்கவில்லை. கீழே போனேன். தரை தொட்டேன். விட்டுவிட்டான்.

இரண்டு கை தூரம் தள்ளி மேலே வந்தேன். என் முன்னால் அவன் மூழ்கி, எழுந்து, மூழ்கினான். மூழ்குகிறவர்களை இழுக்கும் நீளக் கழி விளிம்பில் கிடந்தது. கை நீட்டினால் எட்டும். நான் எண்ணினேன். நெஞ்சுப் படம் எடுக்கும்போது "மூச்சை இழுங்க, அடக்குங்க" என்று சொல்லிவிட்டு எண்ணுவேனே, அப்படி. ஒன்று. இரண்டு. அவன் கண் என்னைப் பார்த்தது. ஒன்பது வரை எண்ணினேன். அதற்குப் பிறகுதான், "டீச்சர்!" என்று கத்தினேன்.

அவள் பாய்ந்து வந்து இழுத்தாள். பிழைத்துக்கொண்டான்.

ஒன்பதுக்குப் பிறகு பத்து என்று சொல்லியிருப்பேனா? தெரியவில்லை.

ஏப்ரல் 28, திங்கள்

கொலை முயற்சி என்று என் மேல் புகார். தண்ணீருக்குள் இழுத்துப் போட்டு மூழ்கடித்தேனாம். சாட்சி அண்ணி. கையெழுத்தே போட்டுவிட்டார். டீச்சர் சண்டையின் தொடக்கத்தைப் பார்க்கவில்லை. மற்ற பெண்கள் உடை மாற்றும் அறைக்கு ஓடிவிட்டார்கள்.

ஏப்ரல் 30, புதன்

ஸ்டேஷனுக்குப் பெரிய காகித உறையோடு போனேன். ஐந்து வருஷத்தில் ஐந்து படங்கள். விலா, விரல், மூக்கு, மறுபடி விலா, காறை. எல்லாவற்றிலும் என் பெயர். பெண் இன்ஸ்பெக்டர் ஒவ்வொன்றாக ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். "இத்தனை நாள் ஏம்மா சொல்லலை?" என்றார். கோபமாகவே கேட்டார். "இது அவன் அடிச்சதுக்கு ஆதாரம். நீ இழுத்துப் போடலைங்கறதுக்கு ஆதாரம் இல்லை. பார்த்தது அந்தம்மாதான்."

மே 9, வெள்ளி

உடைந்த பல்லை எடுத்தாயிற்று. சூப் மட்டும்.

மே 20, செவ்வாய்

காலை பதினொரு மணிக்குச் சீட்டை வாங்கிப் பார்த்தேன். வலது மணிக்கட்டு. பெயரைப் படித்துவிட்டுத்தான் நிமிர்ந்தேன். அண்ணி. புடவைத் தலைப்பில் கையைத் தொட்டில் கட்டித் தூக்கிப் பிடித்திருந்தார். கன்னம் வீங்கி ஒரு கண் மூடியிருந்தது.

"அவன்தான்" என்றார், நான் கேட்காமலே. "நீ போன பிறகு வீட்ல வேற யார் இருக்கா?"

பலகைமேல் அவர் கையை வைத்து, விரல்களை ஒவ்வொன்றாக விரித்தேன். வலியில் முனகினார். அந்தக் கைதான் டிவி சத்தத்தைக் கூட்டியது. அந்தக் கைதான் கையெழுத்துப் போட்டது. விரலைக் கொஞ்சம் அழுத்தி வைத்தால் போதும், உயிர் போய்விடும். அழுத்தவில்லை. ஆனால் நினைத்தேன்.

படம் வந்தது. இரண்டு இடத்தில் முறிவு. "இதை ஸ்டேஷனுக்கு எடுத்துக்கிட்டுப் போகலாமா?" என்று கேட்டார்.

மே 24, சனி

அண்ணி இடது கையால் கையெழுத்துப் போட்டு வாக்குமூலத்தை மாற்றிக் கொடுத்துவிட்டாராம். அவனை அழைத்துப் போய்விட்டார்கள். இன்ஸ்பெக்டர் போனில் சொன்னார்.

மாலை அண்ணி விடுதி வாசலுக்கு வந்தார். உள்ளே கூப்பிட்டு உட்காரவைத்தேன்.

"அவன் உன்னை இழுத்தது, மோதினது, தானே வழுக்கி விழுந்தது, எல்லாத்தையும் சொல்லிட்டேன்" என்றார். பிறகு குரலைத் தாழ்த்தி, "நீ தள்ளி நின்னு அவனைப் பார்த்துக்கிட்டே இருந்தியே, அதையும் பார்த்தேன். அதைச் சொல்லலை."

தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தேன். வலது கையை நீட்டினார்.

"அந்தக் கையை அசைக்காதீங்க அண்ணி" என்றேன். டம்ளரை நானே பிடித்துக்கொண்டேன். குடித்தார்.