நில் என்று ஒரு பெயர்

அம்மா,

மருந்துக்கடைக்குத்தான் போகிறேன். பயப்படாதே, என் பெட்டி கட்டிலுக்கு அடியில்தான் இருக்கிறது. குனிந்து பார்த்துக்கொள்.

பீன்ஸ் சூப் அடுப்போரம் சூடாக இருக்கிறது. பக்கத்து வீட்டு ருசானா அக்கா கோழிக்குத் தவிடு கேட்டு வருவாள். கொடுத்தனுப்பு, நேற்றைய சண்டையை மட்டும் அவளிடம் ஒப்பிக்காதே.

சோபியா நகரத்து ஆஸ்பத்திரியில் நர்ஸ் வேலை கிடைத்திருக்கிறது, ஞாயிற்றுக்கிழமை கிளம்ப வேண்டும் என்றதும் நேற்று நீ என்ன சொன்னாய்?

"உனக்கு முன்னாடி பொறந்த மூணையும் மண்ணுல வச்சேன்டி. நீயாவது நில்லுன்னுதான் ஸ்டோயன்கான்னு பேரு. நிக்கிறவ எங்கடி போவா?"

பதில் இப்போதுதான் வருகிறது.

அந்தப் பெயர் நீ வைத்ததுகூட இல்லை. பிள்ளை தங்காத வீட்டு வழக்கப்படி, பிறந்த மறுநாளே என்னை நாற்சந்தியில் கிடத்தினீர்கள். அவ்வழியே முதலில் வந்த வண்டிக்காரன் என்னைத் தூக்கி, பெயரிட்டு, உன் கையில் கொடுத்தான். அப்புறம் வண்டியேறித் தன் வழியே போய்விட்டான். இருபத்தாறு வருஷமாக நின்றுகொண்டிருப்பது நான்தான்.

நாலு மணிக்குள் வந்துவிடுவேன். நீ வெளியே போனால் சாவியைப் பூந்தொட்டிக்கு அடியில் வை.

பி.கு.: என் பூட்ஸை மாவுப்பெட்டியில் ஒளித்திருக்கிறாய். கறுப்புக் கயிறு வெளியே தொங்குகிறது. நான் எடுக்கவில்லை, உன் ரப்பர் செருப்பைத்தான் போட்டுக்கொண்டு போகிறேன். பூட்ஸை நீயே உன் கையால் எடுத்து வாசலில் வை, அம்மா. அதுவரை எனக்குக் கால் எழாது.