எஸ்டேட் படக்காட்சியில் செல்வதாஸைக் கண்டது

பீருமேடு,
ஆகஸ்ட் 1953

அன்புள்ள அத்தானுக்கு நேசபாய் எழுதுவது. கர்த்தர் கிருபையில் தங்கச்சியும் பிறந்த குழந்தையும் சுகம். அங்கே நீங்களும் நம் மகள் பூங்கனியும் சுகந்தானா?

சனிக்கிழமை இங்கே திரை கட்டிப் படம் போட்டார்கள். பாயில் இருந்தவர்கள் நான், தங்கச்சி மாப்பிள்ளை, கம்பவுண்டர் மனைவி. பின்னால், முன்பு பூங்கனியைப் பெண் கேட்ட நம் இரணியல் செல்வதாஸ்; இப்போது இங்கேதான் வேலையாம். எனக்குப் படம் பார்க்க மனமில்லை, வற்புறுத்திக் கூட்டிப்போனார்கள். படத்தில் ஆளுக்கொரு பொய் சொல்லிக் காதலர்களைப் பிரிக்கிறார்கள். எல்லாரும் அழுதார்கள்.

செல்வதாஸ் மெல்லக் கேட்டான்: "மாமி, பூங்கனிக்குப் பிள்ளை உண்டா?"

"ஏலே, அவளுக்கு இன்னும் கலியாணமே ஆவல்ல! நீயில்லா கொழும்புல கெட்டிக்கிட்டேன்னு சொன்னாவ?"

"எனக்கு யாரு மாமி பெண்ணு தருவா? அவளுக்குக் கலியாணம் முடிஞ்சுன்னு உங்க வீட்டு ஆளுதான் சொல்லிவிட்டது."

யார் என்றேன். தலையைக் குனிந்துகொண்டான்.

அவனுக்குக் கலியாணம் ஆனதாக எங்களிடம் சொன்னது நீங்கள். குற்றம் சொல்லவில்லை, கேட்கிறேன். வரும் ஞாயிறு கோயிலில் பூங்கனிக்கும் மார்த்தாண்டம் மாப்பிள்ளைக்கும் கலியாண அறிக்கை வாசிப்பதாக இருந்தது. வாசிக்க வேண்டாம் என்று போதகர் ஐயாவுக்கு நேற்றே எழுதிவிட்டேன்.

இங்கே குளிர் அதிகம். என் கம்பளியை மடித்துத் தபாலில் அனுப்பப் பூங்கனியிடம் சொல்லுங்கள். தபால்காரர் நிற்கிறார். செல்வதாஸிடம் சொல்லிவிட்டது யார் என்று சீக்கிரம் பதில் எழுதுங்கள்.

நேசபாய்