நாலாவது மாத்திரை

லா கிராஸ்,
அக்டோபர் 21

அன்புத் தம்பி ஹார்லனுக்கு,

அக்கா இர்மா எழுதுவது. நான் நலம். வெர்னன் அண்ணனுக்குத்தான் மூச்சிரைப்பு குறையவில்லை. லோயிஸ் அண்ணி பக்கத்தைவிட்டு நகர்வதில்லை. நீ எப்படி இருக்கிறாய் என்று நீயாக எழுதினால்தானே தெரியும்! தபால்தலைக்கு அங்கே பஞ்சமா?

விஷயத்துக்கு வருகிறேன். மருந்துக் காப்பீட்டை மாற்ற டிசம்பர் ஏழு வரைதான் கெடு. அதை விட்டால் ஒரு வருஷம் வாயை மூடிக்கொண்டிருக்க வேண்டியதுதான். முதியோர் மையத்தில் இந்த வருஷமும் எல்லாருக்கும் நான்தான் கம்ப்யூட்டரில் பார்த்துச் சொல்கிறேன். ஒவ்வொரு கம்பெனியும் தன் பட்டியலில் உள்ள மாத்திரைக்குத்தான் பணம் கொடுக்கும், அதனால் உன் மாத்திரைகளின் பெயர்களை எழுதி அனுப்பு. நல்ல கம்பெனியாகப் பார்த்து மாற்றிவிடுகிறேன்.

போன வாரம் மையத்தில் ஒரே கூத்து. சீட்டாட்டத்தில் நம் மெர்ல் பத்து நிமிஷத்துக்கு ஒரு தரம் எழுந்து ஓடினார். "என்ன மெர்ல், பாத்ரூமுக்கு வாடகை கட்டறீங்களா?" என்றேன். மேசையே சிரித்தது. அதற்கும் ஒரு மாத்திரை இருக்கிறதாம், தங்க விலையாம்! மனுஷன் கோபித்துக்கொண்டு போனவர்தான், இன்னும் வரவில்லை.

உன் அன்பு அக்கா,
இர்மா

ஆஷ்லாந்து,
நவம்பர் 4

அன்புள்ள அக்கா,

மாத்திரை மூன்று. பிரஷருக்கு ஒன்று, கொழுப்புக்கு ஒன்று, சர்க்கரைக்கு ஒன்று. பெயர்கள் பின்பக்கத்தில். அவ்வளவுதான்.

பழைய கம்பெனியே எனக்குச் சரியாகத்தான் இருக்கிறது. அப்படியே விட்டுவிடேன், உனக்கு எதற்குச் சிரமம்? அண்ணனை நான் கேட்டதாகச் சொல்.

ஹார்லன்

லா கிராஸ்,
டிசம்பர் 2

அன்புத் தம்பிக்கு,

போனில் நீ "சரி சரி" என்று இழுத்ததே போதும், மாற்றிவிட்டேன்! மூன்று மாத்திரைக்குப் போய் அந்தப் பழைய கம்பெனிக்கு ஏன் அழ வேண்டும்? ஜனவரியிலிருந்து புதுக் கம்பெனி. அக்காவுக்கு ஒரு நன்றி சொன்னால் குறைந்துபோக மாட்டாய்.

இர்மா

லா கிராஸ்,
பிப்ரவரி 24

ஹார்லன்,

அண்ணனை அடக்கம் செய்துவிட்டோம். முன்வரிசையில் உனக்கு இடம் விட்டு வைத்திருந்தேன், கடைசிவரை அது காலியாகவே இருந்தது. சாயங்காலம் போனில் "உடம்புக்கு முடியலக்கா" என்று ஒரு வரி. பின்னால் உன் ரேடியோ பாடிக்கொண்டிருந்தது. என்னடா உடம்பு உனக்கு? நாலு மணி நேர வழி, கூடப் பிறந்தவனுக்காக வர முடியாதா?

சாப்பாட்டு நேரத்தில் அண்ணி "ஹார்லன் வரலியா?" என்று கேட்டாள். "அவனுக்கு அண்ணனைவிடப் பெட்ரோல் காசு பெரிசு அண்ணி" என்று எல்லார் முன்னாலும் சொன்னேன். சொன்னதற்கு எனக்கு வருத்தமில்லை.

இர்மா

ஆஷ்லாந்து,
மார்ச் 3

அக்கா,

நாலாவதாக ஒரு மாத்திரை உண்டு. உனக்கு எழுதவில்லை. மெர்லைப் பற்றி எழுதினாயே, அடிக்கடி பாத்ரூமுக்கு ஓடாமலிருக்க ஒரு தங்க விலை மாத்திரை, அதுதான். மூன்று வருஷமாகச் சாப்பிட்டேன், பழைய கம்பெனி கொடுத்தது. புதுக் கம்பெனியின் பட்டியலில் அது இல்லை. ஜனவரியில் மருந்துக் கடைப் பெண் சொன்ன விலையைக் கேட்டு, கவுண்டரிலேயே வைத்துவிட்டு வந்தேன்.

அன்றைக்கு நான் கிளம்பினேன் அக்கா. கறுப்புக் கோட்டைப் போட்டுக்கொண்டு விடிவதற்கு முன்பே கிளம்பினேன். வழியில் ஹேவர்டு ஊர் போவதற்குள் மூன்று தரம் வண்டியை நிறுத்தினேன். அப்புறம் இரண்டு பக்கமும் பனிக் குவியல், ஒதுக்க இடமில்லை. காரிலேயே ஆகிவிட்டது. அந்தக் கோலத்தில் சர்ச்சுக்குள் எப்படி வருவேன்? திரும்பிவிட்டேன். ஈரத்தோடு வீட்டில் உட்கார்ந்து அழுதேன்.

உன் அக்டோபர் கடிதத்தைப் படித்த பிறகு உன்னிடம் எப்படிச் சொல்வேன்? நீ சிரிப்பாய். அப்புறம் மேசையே சிரிக்கும்.

ஹார்லன்

லா கிராஸ்,
மார்ச் 9

என் தம்பி,

உன் கடிதத்தைக் கையில் வைத்துக்கொண்டு இரண்டு நாளாக வீட்டுக்குள்ளேயே சுற்றுகிறேன். பாவி நான். என்ன வாய்டா எனக்கு!

மையத்துக்கு வருகிறவர்களிடம் "எல்லா மாத்திரையும் சொல்லிட்டீங்களா, கண்ணுக்கு விடற சொட்டு மருந்துகூட?" என்று நாலு தரம் கேட்பேன். உன்னிடம் ஒரு தரம்கூடக் கேட்கவில்லை. நம்ம ஹார்லன்தானே, எனக்குத் தெரியாததா என்று இருந்துவிட்டேன். அண்ணனின் கடைசி முகத்தை நீ பார்க்காமல் போனதற்கு நான்தான் காரணம்.

உன் டாக்டர் எழுதிக் கேட்டால், பட்டியலில் இல்லாத மாத்திரைக்கும் கம்பெனி சம்மதிக்கலாம். இந்தக் கடிதத்தோடு படிவம் வைத்திருக்கிறேன், அவரிடம் கொடு. அண்ணியிடம் உண்மையைச் சொல்லட்டுமா? சொன்னால் உன் மானம் போகிறது, சொல்லாவிட்டால் என் பொய் நிற்கிறது. நீ சொல்கிறபடி செய்கிறேன். ஒரு தரம் வாடா. உனக்குப் பிடித்த கோழி சூப் வைக்கிறேன்.

அக்கா

ஆஷ்லாந்து,
ஏப்ரல் 20

அக்கா,

டாக்டர் எழுதினார். கம்பெனி சம்மதித்துவிட்டது. மாத்திரை வந்தது.

அண்ணியிடம் ஒன்றும் சொல்ல வேண்டாம். கஞ்சன் என்றே இருக்கட்டும். அதையாவது நாலு பேர் முன்னால் சொல்லிக்கொள்ளலாம்.

போன சனிக்கிழமை அண்ணனைப் பார்க்கக் கல்லறைக்கு வந்தேன். கல் இன்னும் வைக்கவில்லை. புது மண் மூன்று இடத்தில் இருந்தது. எது அண்ணன் என்று கேட்க ஆளில்லை. மூன்றிலும் கொஞ்ச நேரம் நின்றேன்.

உன் தெரு வழியாகத்தான் திரும்பினேன். நீ துணி காயப்போட்டுக்கொண்டிருந்தாய். வண்டியை மெதுவாக்கினேன். நிறுத்தவில்லை.

வருகிற அக்டோபரில் என் காப்பீட்டை நானே பார்த்துக்கொள்கிறேன். நீ சிரமப்பட வேண்டாம்.

ஹார்லன்