ஊமை அலை எறிந்த குரல்

சுழற்சி 214. காலை முறை

இரண்டாம் மேடை. பதிபவர் ஞானவடிவு, அலைக் கண்காணிப்பாளர். உலை சீர். காற்று இயந்திரம் சீர். ஊமை அலைக்கான அறிகுறி இல்லை.

இதைக் கண்டெடுப்பவர் வெளியாளாக இருந்தால் ஒரு விளக்கம். ஊமை அலை இரண்டு தலைமுறைக்கு ஒருமுறை இந்த வானத்தைக் கடக்கிறது. எல்லாவற்றையும் அணைத்துவிட்டு இருட்டில் உட்கார்ந்தால் தொடாமல் போய்விடும். ஓடும் இயந்திரம் எதுவானாலும் கரிக்கட்டை. எனக்குப் பின்னால் நெய்தலூர். கண்ணாடிக் கூரைக்குள், இயந்திரம் தரும் காற்றில் நாலாயிரம் பேர். எனக்கு முன்னால், அலை வரும் திசையில், முதல் மேடையில் காத்தமுத்து, தனியாக. அலை வந்தால் அவர் எனக்குச் சொல்ல வேண்டும், நான் நெய்தலூருக்குச் சொல்ல வேண்டும். அவர்கள் அணைத்துவிட்டுப் பிழைத்துக்கொள்வார்கள். எங்கள் வேலை அவ்வளவுதான்.

முதல் மேடைக்கு அழைப்பு. குரல் அவ்வளவு தூரம் போய்த் திரும்ப வேண்டும்; வழக்கம்போல் நாற்பது நிமிடத்தில் பதில்:

"மேடை ஒண்ணு. எல்லாம் சுகம். என்ன டாக்டரம்மா, இன்னைக்கும் ரசப்பொடிதானா?"

என் உணவுப் பெட்டியில் அது மட்டும்தான் மிஞ்சுகிறது என்று ஆறு வருடத்துக்கு முன் வாய்தவறிச் சொன்னேன். அன்றிலிருந்து தினமும் இதே கேலி. டாக்டரம்மா என்பது என் ஆய்வுப் பட்டத்துக்கு. நான் பதில் சொல்வதில்லை. இது வேலைக்கான அலைவரிசை.

சுழற்சி 215. காலை முறை

பதில் முப்பத்தொரு நிமிடத்தில் வந்தது. கடிகாரத்தைச் சோதித்தேன். சீர்.

நேற்றைய அதே சொற்கள். "டாக்டரம்மா"வுக்கு முன்னால் அதே செருமல். பதிந்த குரலாக இருக்கலாம். மேடைக்காரர்கள் எல்லோரும் செய்வதுதான். பதிலை ஒருமுறை பேசிப் பதிந்து இயந்திரத்திடம் விட்டுவிட்டுத் தூங்கப் போவோம். நெய்தலூர் வரவேற்பறையிலும் அப்படித்தான்.

ஆனால் பதிந்த குரலும் அதே தூரத்தைக் கடந்துதானே வர வேண்டும்?

சுழற்சி 215. மாலை முறை

இருபத்திரண்டு நிமிடம். இம்முறை அடுப்படியில் இருக்கும் பாட்டுப்பெட்டியிலும் அவர் குரல் கேட்டது. அது வேறு அலைவரிசை.

முறையை மீறி ஒரு கேள்வி அனுப்பினேன்: "காத்தமுத்து, நீங்க இன்னைக்கு என்ன சாப்பிட்டீங்க?" அவர் பெயரைச் சொல்லி அழைத்தது இதுவே முதல் தடவை.

பதில்: "மேடை ஒண்ணு. எல்லாம் சுகம். என்ன டாக்டரம்மா, இன்னைக்கும் ரசப்பொடிதானா?"

சுழற்சி 216. காலை முறை

பதின்மூன்று நிமிடம். வேறு விளக்கம் தேடினேன். இல்லை.

அலை முதல் மேடையைக் கடந்துவிட்டது. அவருக்கே தெரியாமல் வந்திருக்கிறது. ஓடிக்கொண்டிருந்த அனுப்பியோடு அவர் குரலையும் விழுங்கியிருக்கிறது. என் அழைப்பு தன்மேல் பட்டதும் அந்தக் குரலை எல்லா அலைவரிசையிலும் திருப்பி எறிகிறது. அலை நெருங்க நெருங்கப் பதிலும் சீக்கிரம் வருகிறது.

இன்று மாலை முறை முடிவதற்குள் இங்கே. நாளை நெய்தலூர்.

நெய்தலூருக்கு எச்சரிக்கை அனுப்பினேன். பதில்: "நெய்தலூர். கேட்டுச்சு, மேடை ரெண்டு. நல்லபடியா இருங்க." மீண்டும் அனுப்பினேன். கேட்டுச்சு, நல்லபடியா இருங்க. மீண்டும். அதே.

வரவேற்பறைப் பவளக்கொடியின் பதிந்த குரல் அது. வந்த செய்திகளை அவள் வாரக் கடைசியில்தான் கேட்பாள். அபாய மணியைப் போன வருடம் கழற்றிவிட்டார்கள். காரணமில்லாமல் அடித்துத் தொல்லை பண்ணுகிறதாம்.

கடைசியாகக் காத்தமுத்து தானே பேசியது 214 காலையில். நான் பதில் சொல்லவில்லை.

சுழற்சி 216. மாலை முறை

உலையை அணைத்தால் நான் பிழைப்பேன். அலை போன பிறகு மீண்டும் மூட்டிக்கொள்ளலாம். நெய்தலூருக்குச் சொல்ல ஆள் இருக்காது.

அணைக்காமல் பேசிக்கொண்டிருந்தால் அலை என் குரலையும் விழுங்கும். நெய்தலூரின் அழைப்புகள் அதன்மேல் பட்டதும், அங்கே உள்ள எல்லாப் பெட்டியிலும் அதை எறியும். அடுப்படியில், படகில், குழந்தைகளின் பாட்டுப்பெட்டியில். பதிந்த பதில் எதுவும் அதைத் தடுக்க முடியாது.

அனுப்பிக்கும் காற்று இயந்திரத்துக்கும் ஒரே உலை. ஒன்றை விட்டு மற்றொன்றை அணைக்க வழியில்லை. வரைபடம் தப்பாக இருக்குமோ என்று கம்பிகளைக் கையால் தடவிப் பார்த்தேன். சரியாகத்தான் வரைந்திருக்கிறார்கள்.

அழைத்தேன். செருமல் உடனே வந்தது. தூரமே இல்லை.

பேசிக்கொண்டே எழுதுகிறேன். "ஞானவடிவு பேசறேன். மேடை ரெண்டு. ஊமை அலை வருது. எல்லாத்தையும் அணைச்சிடுங்க. பவளக்கொடி, அந்தப் பதிவை நிறுத்திட்டு இதைக் கேளுடி. ஞானவடிவு பேசறேன். மேடை ரெண்டு. ஊமை அலை வரு

நேரம் தெரியவில்லை

கடிகாரம் நின்றுவிட்டது. தட்டச்சும் போயிற்று. இது பென்சில். உலை கரி. காற்று கனக்கிறது. வலி இல்லை.

தொலைநோக்கிக்கு மின்சாரம் வேண்டாம். நெய்தலூர் மஞ்சளாகத் தெரிகிறது. பார்த்துக்கொண்டே இருக்கிறேன். நடுவில் தூங்கிவிட்டேன் போலிருக்கிறது.

துறைமுகத்தில் விளக்கு அணைந்தது.

அலையாக இருந்தால் மொத்தமும் ஒரே அடியில் போயிருக்கும். மற்றவை எரிகின்றன.

கடைத்தெரு அணைந்தது. மேற்கு வரிசை. ஒரு ஜன்னல் அணைந்து, திரும்ப எரிந்து, அணைந்தது. எதையோ தேடியிருப்பார்கள். இது அலை இல்லை. மனிதர் கை.

ஊர் முழுக்க இருட்டு. நல்லது.

பாட்டுப்பெட்டி அணைந்திருந்ததால் தப்பியிருக்கிறது. அதற்குத் தனி மின்கலம். திருகினேன். என் குரல், எட்டத்தில், போய்க்கொண்டிருக்கிறது. அதற்கடியில் ஒரு செருமல்.

ஆமா, காத்தமுத்து. இன்னைக்கும் ரசப்பொடிதான். நீங்க